ஒன்பது வீட்டு விரிப்பு

விஜயராணி திருப்பூரில் வந்து இறங்கியபோது அவளுக்கு இருபது வயது. கல்யாணமாகி நாலே மாதம். உசிலம்பட்டிப் பக்கம் கிணறுகளெல்லாம் தரைதட்டிப் போன வருஷம் அது. புருஷன் காசிமாயனுக்கு ஒரு நிட்டிங் கம்பெனியில் மிஷின் பார்க்கிற வேலை. அவள் ஒரு பனியன் கம்பெனியில் கைமடியாகச் சேர்ந்தாள். டைலர் பக்கத்தில் நின்று துணியை மடித்து மடித்து நீட்டுகிற வேலை. பொழுதுக்கும் நின்றால் கால் இரண்டும் கல்லாகிவிடும். இரண்டு வருஷத்தில் செக்கிங் மேஜைக்கு மாறினாள். தைத்து வருகிற பீஸை வெளிச்சத்தில் விரித்துப் பிடித்து, ஓட்டை எங்கே, கறை எங்கே, தையல் எங்கே விட்டிருக்கிறது என்று பார்க்கிற வேலை. அவள் கண்ணுக்குத் தப்பி ஒரு பீஸ் அட்டைப்பெட்டிக்குள் போகாது என்று சூப்பர்வைசர்களே சொல்வார்கள். இருபது வருஷத்தில் ஆறு கம்பெனி மாறியும் அந்தப் பெயர் மட்டும் கூடவே வந்தது.

குடியிருப்பு மாறவே இல்லை. ஊத்துக்குளி ரோட்டிலிருந்து பிரிகிற ஒரு சந்தில் சாரதாமணியம்மாளின் காம்பவுண்டு. எதிரும் புதிருமாக எட்டு லைன் வீடுகள்; கடைசியில் சாரதாமணி குடியிருக்கிற பெரிய வீடு. ஆக ஒன்பது. நடுவில் தண்ணீர்த் தொட்டியும் துணி காயப்போடுகிற கம்பிகளும். தேனிக்காரர்கள் காலி செய்த வீட்டில் பீகார்க்காரர்கள் வருவார்கள், அவர்கள் போனால் சாத்தூர்ப் பக்கத்துக் கிறிஸ்தவக் குடும்பம் ஒன்று வரும். ஆர்டர் இருந்தால் வீடு நிறைந்திருக்கும், இல்லாவிட்டால் நாலு பூட்டுத் தொங்கும்.

அந்தக் காம்பவுண்டில் ஒரு வழக்கம் இருந்தது. பிறந்த பிள்ளையைப் புதுத்துணியில் கிடத்தக் கூடாது, நல்லபடியாக வாழ்ந்த வயசாளிகள் உடுத்திய பழந்துணியில் கிடத்தினால் அந்த ஆயுசு பிள்ளைக்கும் ஒட்டும் என்பது தெற்கத்தி ஆட்களுக்கும் உண்டு, கொங்குநாட்டு ஆட்களுக்கும் உண்டு. பீகாரிலிருந்து வந்த பூல்மதிகூடத் தன் ஊரிலும் அப்படித்தான் என்றாள். ஆனால் பிழைக்க வந்த இடத்தில் பத்துக்குப் பத்து அறையில் பழந்துணி எத்தனை சேர்ந்துவிடும்? அதனால் யாருக்காவது பிரசவ மாதம் நெருங்கினால் விஜயராணி வீடு வீடாகப் போய் நிற்பாள். ஒரு வீட்டுக்கு ஒரு துணி. அதில் சாண் சதுரமாக ஒரு துண்டு வெட்டிக்கொண்டு மிச்சத்தைத் திருப்பித் தருவாள். மூன்றுக்கு மூன்றாக ஒன்பது சதுரம். நடுவே பழஞ்சேலை மடிப்பு, அடியில் பனியன் துணி. ஞாயிற்றுக்கிழமைகளில் உட்கார்ந்து கையாலேயே தைத்து முடிப்பாள். மிஷின் தையல் விறைப்பாக நிற்கும், பச்சைப்பிள்ளை முதுகில் உறுத்தும் என்பாள். காம்பவுண்டில் அதற்கு ராணியக்கா விரிப்பு என்றே பெயர்.

ஒரு விரிப்பை எடுத்து விரித்தால் அந்த வருஷம் அங்கே யார் யார் இருந்தார்கள் என்று சொல்லிவிடலாம். சாரதாமணி தன் மாமியாரின் சுங்கடிச் சேலையிலிருந்து கொடுத்த துண்டு எல்லாவற்றிலும் இருக்கும். அந்த அம்மாள் தொண்ணூற்றொரு வயதுவரை இருந்தவர். பூல்மதி இருந்த காலத்து விரிப்புகளில் அவள் மாமனாரின் சிவப்புக் கட்டம் போட்ட துண்டு. சாத்தூர் ஜெபக்குமார் குடும்பம் இருந்தபோது ஞாயிறு ஆராதனைக்குக் கட்டுகிற வெள்ளைச் சேலை. பழனிக்கு நடந்து போய் வந்த பச்சை வேட்டி, மில் யூனிஃபார்ம், ஒரு தரம் மூடிப்போன கம்பெனியின் பெயர் அச்சடித்த டி-ஷர்ட். அந்தக் கம்பெனியில் வேலை பார்த்தவரிடம் அந்தப் பெயருக்கு வேறு சாட்சி எதுவும் கிடையாது.

நடுச்சதுரம் விஜயராணி வீட்டுத் துணி. பச்சையில் சின்னச் சின்ன வெள்ளைக் குடைகள். என்ன துணி என்று யாரும் கேட்டதில்லை. ஊரெல்லாம் பனியன் துணி கிடக்கும்போது இதைப் போய் யார் கேட்பார்கள்?

அது அனுசுயாவின் கவுன்.

அனுசுயா அவர்களுக்கு ஒரே பிள்ளை. ஒன்றாம் வகுப்பு முடித்த வருஷம் காய்ச்சல் வந்தது. ஐந்தாம் நாள் ஆஸ்பத்திரியில் போய்விட்டாள். ஆறு வயது, நாலு மாதம். ஊருக்குக் கொண்டு போய்க் கண்மாய்க் கரையில் அடக்கம் செய்தார்கள். அவள் துணிமணி, பை, செருப்பு எல்லாவற்றையும் காசிமாயன் குழிக்குள்ளேயே போட்டுவிட்டான். வீட்டில் கிடந்தால் ராணி எழுந்திருக்க மாட்டாள் என்று ஊர்ப்பெரியவர்கள் சொன்னார்கள். எழுந்திருக்கத்தான் செய்தாள். பதினாறாம் நாள் முடிந்து திருப்பூர் திரும்பிக் கதவைத் திறந்தால் கொடிக்கம்பியில் ஒரு கவுன் மட்டும் காய்ந்துகொண்டு கிடந்தது. ஆஸ்பத்திரிக்குப் போன அன்று காலையில் துவைத்துப் போட்டது. அதை மடித்து டிரங்குப் பெட்டிக்குள் வைத்தாள். காசிமாயனிடம் சொல்லவில்லை.

அடுத்த வருஷம் சாரதாமணியின் மருமகளுக்கு ஆண்பிள்ளை பிறந்தது. பழந்துணி கொடுங்கள் என்று அந்த அம்மாள் கேட்டபோதுதான் விரிப்பு யோசனையே விஜயராணிக்கு வந்தது. எட்டு வீட்டுத் துணியையும் வெட்டிவிட்டுத் தன் வீட்டுத் துணிக்காகப் பெட்டியைத் திறந்தாள். மேலே அந்தக் கவுன் இருந்தது. தன் சேலை ஒன்றை எடுத்திருக்கலாம். கை அங்கே போகவில்லை. பாவாடை விரிவில் ஒரு மூலையை அளந்து, ஒரே வெட்டு. தைத்துக் கொடுத்து மூன்றாம் மாதம் அந்தப் பையன் குப்புற விழுந்து, நடுச்சதுரத்தில் கன்னத்தை வைத்து உறங்கியதைப் பார்த்தபோது, ஒரு வருஷமாக நெஞ்சில் கிடந்த பாரம் சற்றே நகர்ந்த மாதிரி இருந்தது அவளுக்கு. பெட்டிக்குள் கிடந்தால் அது செத்த பிள்ளையின் துணி. இங்கே அது ஒரு பிள்ளையோடு சேர்ந்து புரள்கிறது, தவழ்கிறது.

அதையும் சேர்த்து இதுவரை ஏழு விரிப்பு. ஏழிலும் நடுவில் குடை. நாலு பேர் ஊர் மாறிப் போகும்போது விரிப்பையும் சுருட்டிக்கொண்டு போனார்கள். செக்கிங் மேஜையில் நிற்கும்போது சில நாள் அவளுக்குள்ளேயே ஒரு கணக்கு ஓடும்: ஒரு அனுசுயா பீகாரில் இருக்கிறாள், ஒருத்தி தேனியில், ஒருத்தி சாத்தூரில், இன்னொருத்தி எங்கே என்று தெரியவில்லை. யாரிடமும் சொல்லாத கணக்கு.

ஏழாவது விரிப்பு சித்ரகலாவின் மகன் குமாரவேலுக்கு. சித்ரகலாவின் புருஷன் பரணி கட்டிங் மாஸ்டர். தலைமுறையாகத் தறி ஓட்டிய குடும்பம், முருகன் மேல் உயிர். மாமியார் செல்லாத்தாள் பேரனைப் பார்த்துக்கொள்ள வந்து கூடவே இருந்தாள். பையனுக்கு எட்டு மாதம் ஆனபோது காய்ச்சல் முற்றி வலிப்பு வந்துவிட்டது. இரண்டு நாள் ஆஸ்பத்திரியில் வைத்திருந்து, இனிப் பயமில்லை என்று அனுப்பினார்கள். வீடு திரும்பியும் சித்ரகலா பிள்ளையின் நெற்றியில் வைத்த கையை எடுக்கவில்லை.

அது முடிந்து பத்து நாள் இருக்கும். ஒரு ஞாயிற்றுக்கிழமை காலை காசிமாயனின் போனுக்கு ஊரிலிருந்து ஒரு போட்டோ வந்தது. அவன் தங்கை மகன் ஏதோ ஒரு பழைய போனிலிருந்து கண்டுபிடித்து அனுப்பியது. மாரியம்மன் பொங்கலுக்குப் போயிருந்தபோது எடுத்தது. கையில் குச்சி ஐஸோடு அனுசுயா. வீட்டில் அதுவரை இருந்தது பள்ளிக்கூடத்துக்கு எடுத்த ஸ்டாம்பு சைஸ் படம் ஒன்றுதான். முழு உருவத்தில் மகளைப் பார்த்துப் பன்னிரண்டு வருஷம். காசிமாயனுக்குக் கால் தரையில் நிற்கவில்லை. தொட்டியடியில் நின்ற பெண்கள் எல்லோரிடமும் கொண்டு போய் நீட்டினான்.

“எம் மகளப் பாருங்க தாயி. சிரிப்பப் பாருங்க. ஐஸு வாங்கித் தந்தாத்தான் நிப்பேன்னு ஒரே அடம்.”

எல்லோரும் வாங்கி வாங்கிப் பார்த்தார்கள். மூக்கு அப்படியே ராணியக்கா என்றாள் ஒருத்தி. சித்ரகலாவும் வாங்கினாள். முகம் சரியாகத் தெரியட்டும் என்று விரலால் படத்தைப் பெரிதாக்கினாள். முகத்துக்குக் கீழே கழுத்து, அதற்குக் கீழே பச்சை. பச்சையில் வெள்ளைக் குடைகள். போனைத் திருப்பிக் கொடுத்துவிட்டு வீட்டுக்குள் போனாள்.

விஜயராணி அப்போது உள்ளே அரிசி களைந்துகொண்டிருந்தாள். அப்படி ஒரு படம் இருக்கிறது என்பதே அவளுக்கு நினைவில்லை. வாசலில் நிழல் விழுந்தது. சித்ரகலா விரிப்பைக் கையில் வைத்துக்கொண்டு நின்றாள்.

“அக்கா, ஒண்ணு கேக்கட்டுங்களா?”

“கேளும்மா.”

“இந்த நடுத்துண்டு உங்க ஊட்டுதுன்னு தெரியுமுங்க. ஆரு போட்டதுங்க?”

விஜயராணி களைந்த தண்ணீரை வடிக்காமல் அப்படியே இருந்தாள். பொய் சொல்ல ஒரு நொடி கிடைத்தது. வாய் வரவில்லை.

“அனுசுயாளுது.”

சித்ரகலா நின்ற இடத்திலேயே குத்தவைத்து உட்கார்ந்துவிட்டாள். “வலிப்பு வந்தன்னைக்கு எம் பையன் இதுலதானுங்க கெடந்தான்.”

“சித்ரா, நான் கெட்டது நெனச்சு ஒண்ணும்...”

“நெனச்சீங்கன்னு நான் சொல்லலீங்க. நீங்க கேட்டிருந்தீங்கன்னா, வைங்கக்கான்னு நானே சொல்லியிருப்பனோ என்னமோ. எனக்கே தெரியல. நீங்க கேக்கலீங்களே அக்கா.”

எட்டு வீட்டு வாசலிலும் நின்று கை நீட்டிக் கேட்ட விஜயராணி, கேட்க வேண்டிய இடத்தில் கேட்கவில்லை. கேட்டால் இல்லை என்று சொல்லிவிடுவார்களோ என்றுதான் கேட்கவில்லை. அப்படியென்றால் அது அவளுக்கு முதல் நாளிலிருந்தே தெரிந்திருக்கிறது.

மத்தியானத்துக்குள் காம்பவுண்டு முழுக்கப் பரவிவிட்டது. யாரும் சத்தம் போடவில்லை. செல்லாத்தாள் மட்டும் தொட்டியடியில் குடத்தை வைத்துவிட்டு, யாரையும் பார்க்காமல், எல்லோருக்கும் கேட்கிற மாதிரிச் சொன்னாள்: “ஆயுசு ஒட்டோணும்னு துணி கேட்டாங்க, குடுத்தமுங்க. நடுவுல ஆரோட ஆயுசு இருக்குதுன்னு நாங்கதான் கேக்காம உட்டுட்டோம்.”

விஷயம் தெரிந்ததும் காசிமாயன் பொண்டாட்டியைத் திட்டவில்லை. எல்லாப் பிள்ளையும் நல்லாத்தானே இருக்கு என்று நாலு வாசலில் போய்ச் சொல்லிப் பார்த்தான். ஆமாங்க, ஆமாங்க என்று மரியாதையாகத் தலையாட்டினார்கள். போனைச் சட்டைப் பையில் போட்டுக்கொண்டு வந்து சுவரைப் பார்த்துப் படுத்தான். அந்தப் படத்தை அப்புறம் அவன் யாருக்கும் காட்டவில்லை.

சாயங்காலம் சாரதாமணியே வந்தாள். இருபது வருஷத்தில் வாடகை வீட்டுக்குள் அவள் வந்து உட்கார்ந்தது இரண்டு தடவை. முதல் தடவை அனுசுயா இறந்தபோது.

“அம்மிணி, எம் பேரன் பதினோரு வருசமா அதுலதான் படுக்கறான். ஒண்ணும் ஆகல. நான் அதுக்குச் சொல்லல. ஆனாக் காலையிலிருந்து என்னால அதத் தொட முடியல கண்ணு. என்னன்னே தெரியல, கை பின்னால போகுது.” சேலைத் தலைப்பால் மூக்கைத் துடைத்துக்கொண்டாள். “எல்லா ஊட்டுத் துணியும் அதுல இருக்குது, தூக்கிப் போடவும் மனசு வரல. அதை மட்டும் பிரிச்சு எடுத்துப்போடு. அப்புறம், ஊரு போனவங்களுக்கும் ஒரு வார்த்தை சொல்லிப்போடு சாமி. அவுங்களும் புள்ள பெத்தவங்கதான?”

சரிம்மா என்றாள் விஜயராணி.

ஊருக்குப் போன நாலு பேரில் ஒருத்தரின் நம்பர் உபயோகத்திலேயே இல்லை. தேனிக்குப் போனவள் முழுக்கக் கேட்டுவிட்டு, இப்பவே கொண்டு போய் ஆத்துல விட்டுர்றேன் என்று வைத்துவிட்டாள். ஜெபக்குமார் மனைவி கோபப்படவில்லை. நாங்க அதெல்லாம் பாக்க மாட்டோம் அக்கா என்றாள். அது கிழிந்து போய் இரண்டு வருஷமாக வாசலில் மிதியடியாகத்தான் கிடக்கிறது, உங்களுக்காக ஜெபம் பண்ணுகிறேன் என்றும் சொன்னாள். திட்டியதைவிட அந்த மிதியடிதான் விஜயராணியை அன்று முழுக்கச் சோறு இறங்கவிடாமல் செய்தது.

பூல்மதிக்குக் கடைசியாகப் போட்டாள். கம்பெனியில் கற்றுக்கொண்ட அரைகுறை இந்தியில் நடந்ததைச் சொன்னாள். மற்றவர்களிடம் சொன்னதோடு நிறுத்தியவள், இவளிடம் கேட்கவும் செய்தாள்: அது அங்கேயே இருக்கட்டுமா? அந்தப் பக்கம் கோழிச் சத்தமும் ஒரு பெண்பிள்ளை சத்தமாகப் பாடம் படிக்கிற சத்தமும் கேட்டன. மாமியாரிடம் கேட்டுச் சொல்கிறேன் தீதி என்றாள் பூல்மதி. ஒரு வாரம் கழித்து விஜயராணி இரண்டு தடவை கூப்பிட்டுப் பார்த்தாள். அடித்துக்கொண்டே இருந்தது. மூன்றாவது தடவை கூப்பிடவில்லை.

காம்பவுண்டில் இருந்த மூன்று விரிப்புகளும் அவளிடம் வந்தன. அடுத்த ஞாயிற்றுக்கிழமை டிரிம்மரை எடுத்து உட்கார்ந்தாள். நூல் வெட்டுகிற அந்தச் சின்னக் கத்தரி வருஷக்கணக்காக அவள் விரலில் மாட்டியிருந்தது. கை தானாக ஓடும். அன்றைக்கு ஒவ்வொரு தையலாகத்தான் ஓடியது.

சாரதாமணி பேரனின் விரிப்பில் பச்சை முழுக்க வெளுத்துச் சாம்பலாகியிருந்தது. குடைகள் இருந்த இடமே தடவிப் பார்த்தால்தான் தெரியும். மூலையில் நீலப் பேனாவால் ஒரு பஸ் படம். இரண்டாவது, எதிர் வீட்டு மாதவன் மகளுடையது. ஐந்து வருஷம் புழங்கியது. பல் முளைக்கிற காலத்தில் அந்தப் பிள்ளை ஒரு ஓரத்தை மென்றுகொண்டே கிடக்கும். அந்த ஓரம் நைந்து நூலாக நின்றது, நடுவில் எண்ணெய்க்கறை. பிரித்த இடங்களில் சாரதாமணி கொடுத்தனுப்பிய சுங்கடித் துண்டை வைத்துத் தைத்து முடித்தாள்.

மூன்றாவதைப் பிரிக்கும்போது சித்ரகலா வந்து பக்கத்தில் உட்கார்ந்தாள். பிள்ளை மடியில் இருந்தது. அவள் தன் மாமியாரின் சேலைத்துண்டு ஒன்றை அளவாக வெட்டியே கொண்டு வந்திருந்தாள். குமாரவேல் கையை நீட்டி விரிப்பைப் பிடித்து இழுத்தான். இரண்டு பெண்களும் சற்று நேரம் அதை விடுவிக்கவில்லை. பிறகு சித்ரகலா ஒவ்வொரு விரலாகப் பிரித்து எடுத்தாள். தறிச்சேலைத் துண்டு அடியிலிருந்த பனியன் துணியோடு ஒட்டாமல் சுருக்கம் விழுந்தது. நாலு தண்ணி பட்டால் சரியாகிவிடும் என்றாள் விஜயராணி.

“இருக்கட்டுங்கக்கா” என்று வாங்கிக்கொண்டு சித்ரகலா எழுந்தாள். பிள்ளை சிணுங்கியது, போய்விட்டாள்.

ஆறாம் நம்பர் வீட்டில் ஒரு பெண்ணுக்கு அது எட்டாம் மாதம். விஜயராணி துணி கேட்டுப் போகவில்லை, அவர்களும் கேட்கவில்லை. கடையில் முயல் படம் போட்ட போர்வை வாங்கி வந்திருப்பதாகக் காசிமாயன் சொன்னான். சொல்லிவிட்டு, அதை ஏன் சொன்னோம் என்பது போல் முகத்தைத் திருப்பிக்கொண்டான்.

அவள் டிரங்குப் பெட்டியைத் திறந்து கவுனின் மிச்சத்தை எடுத்தாள். பாவாடை விரிவு முழுக்கப் போய், மேற்சட்டையும் இரண்டு சின்னக் கைகளும்தான் பாக்கி. பன்னிரண்டு வருஷம் இருட்டில் கிடந்தது. நேற்று தைத்த மாதிரிக் கரும்பச்சை. பக்கத்தில் அந்த மூன்று சதுரங்களையும் வைத்தாள். எல்லாம் ஒரே துணி, ஒரே கத்தரியில் வெட்டியது என்று சொன்னால் யாரும் நம்ப மாட்டார்கள்.

காசிமாயன் பக்கத்தில் வந்து நின்றான். அந்தச் சட்டை இந்த வீட்டில் இருந்ததே அவனுக்கு இப்போதுதான் தெரியும். தொடப் போன கையை வேட்டியில் துடைத்துக்கொண்டு பிறகு தொட்டான்.

“ராணி, நாளைக்கு லீவு சொல்லிட்டு ஊருக்குப் போறேன். எல்லாத்தையும் குடு. கண்மாய்க் கரையில அவ எடத்துலயே போட்டுட்டு வந்துர்றேன். அன்னைக்கே போட்டிருக்கணும்.”

அவள் மேற்சட்டையை எடுத்து அவன் கையில் கொடுத்தாள். சதுரங்களைக் கொடுக்கவில்லை.

“அதுகளும்தான் ராணி.”

“இதுக அவளுது இல்லங்க.” குரல் உடையவில்லை, செக்கிங் மேஜையில் பீஸைக் காட்டிப் பேசுகிற குரல்தான். “இதுல பஸ்ஸு வரஞ்சது சாரதாம்மா பேரன். இத மென்னது மாதவன் மக. இதுல இன்னும் குமாரவேலு பால் வாடைதான் இருக்கு. இதையெல்லாம் அவ பாத்ததே இல்ல. நான்தான் அவளுதுன்னு நெனச்சுக்கிட்டு இருந்துட்டேன்.” அவன் கையிலிருந்ததைக் காட்டினாள். “அவளுது அம்புட்டுத்தான்.”

காசிமாயன் அதை நாலாக மடித்தான். சட்டைப் பையிலேயே அடங்கிவிட்டது.